இரண்டு வரிப் பாயிரம்

போன பங்குனியில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். அதைச் சொல்லாமல் மற்றதை எழுதினால் நான் ஏதோ படித்ததைக் காட்டிக்கொள்ள எழுதுவதுபோல ஆகிவிடும்.

என் அக்காள் மகன் குற்றாலம் பக்கம் ஆறு அறை உள்ள ஒரு சிறிய தங்கும் விடுதி நடத்துகிறான். அதற்கு இணையத்தில் ஒரு பக்கம் செய்தான். செய்து கொடுத்த பையன், "தேடினா பேருக்குக் கீழே ரெண்டு வரி வரும், அதை நீங்கதான் எழுதித் தரணும்" என்று கேட்டிருக்கிறான். மருமகன் நேரே வீரகேரளம்புதூருக்கு வந்துவிட்டான். "மாமா, நீங்க லைப்ரரில இருந்தவங்க. ரெண்டே வரி. ஆள் பார்த்ததும் வந்துரணும்" என்றான். திண்ணையில் உட்கார்ந்து ஐந்து நிமிடத்தில் எழுதிக் கொடுத்தேன். "வருடம் முழுவதும் அருவிக் குளியல், அமைதியான அறைகள், குடும்பத்துடன் வாருங்கள்" என்று வரும். எனக்கே படிக்க நன்றாக இருந்தது.

பங்குனி மாதம் நான் அங்கே போயிருந்த நாளில் சேலம் பக்கத்திலிருந்து ஒரு குடும்பம் வந்து இறங்கியது. மகன், மருமகள், எழுபத்தைந்து வயதுத் தகப்பனார். பெரியவருக்குப் பக்கவாதம் வந்து ஒரு வருடம் படுக்கையில் கிடந்து எழுந்தவர். சின்ன வயதில் ஒருமுறை குற்றாலத்தில் குளித்தாராம், இன்னொரு முறை தலை நனைய வேண்டும் என்று ஆசை. பேரருவிக்கு ஆட்டோவில் அழைத்துப் போனார்கள். நானும் கூடப் போனேன். பாறை காய்ந்து கிடந்தது. அடியில் தேங்கியிருந்த தண்ணீரை மகன் கையில் அள்ளி அப்பா தலையில் தெளித்தான். திரும்பும்போது செல்போனை என்னிடம் நீட்டி, "இதைப் பார்த்துத்தாங்க ஐயா வந்தோம். யாருங்க இப்படி எழுதறது?" என்று கேட்டான். கோபமாகக்கூடக் கேட்கவில்லை. நான் வாயைத் திறக்கவில்லை.

குற்றால மலையில் விழுகிற தண்ணீர்தான் சிற்றாறாகி எங்கள் ஊர்ப்பக்கம் ஓடுகிறது. ஆற்றில் மணல் தெரிந்தால் அருவியில் தண்ணீர் இல்லை என்பது வீ.கே.புதூரில் சின்னப்பிள்ளைக்கும் தெரியும். ஜூனில் சாரல் தொடங்கி செப்டம்பர் வரைக்கும் சீசன். ஐப்பசி, கார்த்திகை மழையிலும் தண்ணீர் விழும், சில நாள் குளிக்கவிடாத அளவுக்கே விழும். மாசி, பங்குனியில் என்ன இருக்கும்? எனக்குத் தெரியாதா? தெரிந்தும் எழுதினேன். அதுதான் இத்தனை மாதமாக உறுத்துகிறது.

அந்த இரண்டு வரிக்கு 'மெட்டா டிஸ்கிரிப்ஷன்' என்று பெயர் என்பதைப் பிறகுதான் தெரிந்துகொண்டேன். பக்கத்தைத் திறந்தால் அது கண்ணில் படாது. பக்கத்தின் தலைப்பகுதியில், தேடுபொறி படிப்பதற்காக எழுதி வைப்பது. கூகுளில் யாராவது தேடினால் தலைப்பு நீல எழுத்தில் வரும், அதன் கீழே சிறிய எழுத்தில் இது வரும். உள்ளே போவதா வேண்டாமா என்று ஆள் முடிவு செய்வது அந்த இடத்தில். படிக்கப் படிக்க, இது எனக்குப் பழகிய வேலைதான் என்று தெரிந்தது. நான் மட்டுமா, நம் ஊர்க்காரர்கள் பல நூறு வருடமாகச் செய்த வேலை. அதற்கு இலக்கணமே வைத்திருக்கிறோம்.

பள்ளிக்கூடத்தில் நன்னூல் படித்தவர்களுக்கு நினைவிருக்கும். சீயகங்கன் கேட்டுக்கொண்டபடி பவணந்தி முனிவர் 13ஆம் நூற்றாண்டில் செய்த நூல். எழுத்துக்கும் சொல்லுக்கும் போகும் முன்னால் பாயிரம் என்று ஒரு பகுதி. பாயிரம் இல்லாவிட்டால் அது நூலே இல்லை என்கிற அளவுக்கு அவருக்கு அது முக்கியம். பொதுப்பாயிரம், சிறப்புப்பாயிரம் என்று இரண்டு வகை சொல்லி, சிறப்புப்பாயிரத்தில் எட்டுச் செய்தி இருக்க வேண்டும் என்கிறார். நூலைச் செய்தவர் யார், எந்த நூலின் வழியில் வந்தது, எந்த எல்லைக்குள் வழங்குவது, நூலின் பெயர் என்ன, யாப்பு, எதைப் பற்றிச் சொல்கிறது, யார் கேட்பதற்கு உரியது, கேட்டால் என்ன பயன். காலம், களம், காரணம் என்று இன்னும் மூன்றைச் சேர்ப்பாரும் உண்டு. தமிழாசிரியர் பிரம்பை வைத்துக்கொண்டு ஒப்பிக்கச் சொன்னபோது இது எதற்கு என்று விளங்கவில்லை. இப்போது விளங்குகிறது. வாசலில் நிற்கிறவனுக்கு, உள்ளே இருப்பது உனக்கு வேண்டியதா என்று சொல்லிவிடுகிற ஏற்பாடு அது.

அதில் இன்னொரு நுட்பமும் உண்டு. சிறப்புப்பாயிரத்தை நூலாசிரியர் தானே எழுதக்கூடாது. அவருடைய ஆசிரியர், கூடப் படித்தவர், மாணாக்கர், தகுதியான உரைகாரர், இவர்களில் ஒருவர் எழுத வேண்டும். தன்னைத் தானே புகழ்வது பொருந்தாது, அதற்கும் சில இடங்களில் விலக்குண்டு என்று பவணந்தி விரிவாகவே பேசுகிறார். என் மருமகன் தானே எழுதாமல் என்னிடம் வந்தது இந்த விதிப்படி சரிதான். வந்த இடம்தான் சரியில்லை.

பாயிரமாவது பெரிய மனிதர் வீட்டு முகப்பு. அதைவிடச் சிறியது புறநானூற்றுப் பாட்டுகளின் கீழே இருக்கும் குறிப்பு. திணை, துறை, யாரை யார் பாடியது, சில இடங்களில் எந்தச் சமயத்தில் பாடியது. ஒன்றிரண்டு வரிதான். உ.வே.சாமிநாதையர் 1894இல் புறநானூற்றை அச்சிட்டபோது இந்தக் குறிப்புகளையும் சேர்த்தே அச்சிட்டார். அவை இல்லாவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்பதற்கு 74ஆம் பாட்டு ஒன்று போதும். பாட்டில் யார் பெயரும் இல்லை. நாயைப்போலக் கட்டுண்டு கிடந்து, பகைவரிடம் தண்ணீர் கேட்டுக் குடிக்கும் நிலைக்கு வந்தோமே என்று ஒருவர் நொந்துகொள்கிறார், அவ்வளவுதான். கீழே உள்ள குறிப்புத்தான் அவர் சேரமான் கணைக்கால் இரும்பொறை என்கிறது. சோழன் செங்கணானிடம் போரில் பிடிபட்டு, குடவாயில் கோட்டத்துச் சிறையில் தண்ணீர் கேட்டு, உடனே கிடைக்காமல் பிறகு கிடைத்ததைக் குடிக்காமல் உயிர்விட்டார் என்கிறது. நாம் பள்ளியில் மானத்துக்கு எடுத்துக்காட்டாகப் படித்த கதை முழுவதும் அந்தக் குறிப்பில் இருக்கிறது. குறிப்பை எழுதியவர் யாரென்று பெயர் கிடையாது. அவர் கொஞ்சம் கூட்டி எழுதியிருந்தாலும் நாம் அதையே நம்பிக்கொண்டிருப்போம். இந்த எண்ணம் வந்ததும் எனக்கு மறுபடி சேலத்துப் பெரியவர் நினைவு.

ஏட்டுக் கட்டுகளின் கதையும் நம் பக்கத்தில் உண்டு. கரிவலம்வந்தநல்லூரில் வரகுணராம பாண்டியர் சேர்த்து வைத்திருந்த ஏடுகளைத் தேடி உ.வே.சா. போன கதையை 'என் சரித்திரம்' படித்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். கோயிலில் இருந்த பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத்தீயில் ஆகுதி செய்துவிட்டதாக அங்கே அவருக்குச் சொன்னார்கள். அந்தக் கட்டுகளில் என்ன நூல் இருந்தது என்று இன்றைக்கு யார் சொல்ல முடியும்? கட்டின் மேல் ஒவ்வொன்றுக்கும் இன்ன நூல், இதில் இது இருக்கிறது என்று ஒரு நறுக்கு கட்டித் தொங்கியிருந்தால் தீயில் இடுகிற கை ஒரு நிமிடம் தயங்கியிருக்காதா என்று நான் நினைப்பதுண்டு. நூலகத்தில் வேலை பார்த்தவனின் பேராசை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அச்சு வந்த பிறகு இந்த வேலை வெள்ளைக்காரர் கைக்குப் போனது. ஜான் மர்டாக் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1865இல் சென்னையில், அதுவரை அச்சான தமிழ்ப் புத்தகங்களை வகை பிரித்து ஒரு பட்டியல் வெளியிட்டார். சமயப் பணிக்காக வந்தவர், ஆனாலும் பிற சமய நூல்களையும் விடாமல் சேர்த்திருக்கிறார். வெறும் பெயர்ப் பட்டியலாக விடாமல், நூல் எதைப் பற்றியது என்று குறிப்பும் தந்தார். சில குறிப்புகளில் அவருடைய விருப்பு வெறுப்பு எட்டிப் பார்க்கும். அதற்கு இரண்டு ஆண்டு கழித்து, 1867இல், அச்சகங்களையும் புத்தகங்களையும் பதிவு செய்யும் சட்டம் வந்தது. அச்சாகும் ஒவ்வொரு புத்தகமும் அரசாங்கப் பட்டியலில் ஏற வேண்டும், பொருள் இன்னது என்ற விவரத்தோடு.

அப்புறம் நம் சீர்காழி ரங்கநாதன். 1892இல் பிறந்தவர், கணக்கு வாத்தியாராக இருந்து 1924இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரானவர். 1931இல் அவர் எழுதிய நூலக விதிகள் ஐந்து. பயிற்சியில் எங்களுக்கு மனப்பாடம். நாலாவது விதி, வாசகரின் நேரத்தைக் காப்பாற்று என்பது. சுதந்திர இந்தியாவில் முதலாவதாக 1948இல் சென்னை மாகாணத்தில் பொது நூலகச் சட்டம் வந்ததிலும் அவருக்குப் பெரும் பங்குண்டு. அந்தச் சட்டம் இல்லாவிட்டால் எனக்கு வேலையும் இல்லை, இப்போது ஓய்வூதியமும் இல்லை.

நான் கிளை நூலகத்தில் இருந்த காலத்தில் ஐந்து அங்குல நீளம், மூன்று அங்குல உயரத்தில் அட்டைகள் இருக்கும். ஆசிரியர், தலைப்பு, எண், பக்கம். அதில் புத்தகம் எதைப் பற்றியது என்று இராது. ஒருநாள் ஒரு விவசாயி சு.சமுத்திரத்தின் 'வேரில் பழுத்த பலா'வை எடுத்துப் போனார். மூன்றாம் நாள் திரும்பக் கொண்டுவந்து மேஜையில் வைத்து, "பலாக் கன்னு எத்தனை அடிக்கு ஒண்ணு வைக்கணும்னு கடைசி வரைக்கும் சொல்லவே இல்லையே சார்" என்றார். சமுத்திரம் நம்ம திப்பணம்பட்டிக்காரர், 1990இல் சாகித்திய அகாதெமி பரிசு வாங்கிய புத்தகம். ஒரு அரசு அலுவலகத்தில் சாதி என்ன செய்கிறது என்று சொல்லும் கதை. விவசாயியிடம் அதை எப்படி விளக்குவது? ஆனாலும் "கதை நல்லாத்தான் இருந்துது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அன்றிலிருந்து அட்டையின் பின்பக்கம் பென்சிலால் ஒரு வரி எழுத ஆரம்பித்தேன். மேலதிகாரிகள் கேட்டால் அழித்துவிடலாம் என்றுதான் பென்சில். 'நாவல். அலுவலகம், சாதி. விவசாயம் இல்லை.' இப்படி. சில நூறு அட்டைகளுக்கு எழுதியிருப்பேன். எழுதும்போது ஒன்று பழகியது. புத்தகத்தைப் பற்றி எனக்கு என்ன தோன்றியது என்று எழுதினால் யாருக்கும் பயன்படவில்லை. தேடி வருகிற ஆள் எந்தச் சொல்லைச் சொல்லிக் கேட்பார் என்று யோசித்து எழுதினால் பயன்பட்டது. 'சர்க்கரை வியாதி' என்று கேட்பவரிடம் 'நீரிழிவு' என்று மட்டும் எழுதி நீட்டினால் வைத்துவிட்டுப் போய்விடுவார். இரண்டு சொல்லும் வேண்டும்.

இவ்வளவு பழகியவன்தான் மருமகனுக்கு அப்படி எழுதிக் கொடுத்தேன் என்பதுதான் வேடிக்கை.

இணையத்தின் பழைய கதையையும் தேடிப் படித்தேன். கூகுளுக்கு முன்னால் 1995 டிசம்பரில் ஆல்டாவிஸ்டா என்று ஒரு தேடுபொறி வந்தது. பக்கத்துக்குள் மறைத்து எழுதும் விளக்கத்தையும் 'கீவேர்ட்' எனும் தேடற்சொற்களையும் அந்தக் காலத்துப் பொறிகள் அப்படியே நம்பின. நம்பியதும் நம் ஆட்கள் விடுவார்களா? பக்கத்தில் இல்லாததையெல்லாம் அதில் எழுதி நிரப்பினார்கள். ஒரே சொல்லை நூறு தடவை எழுதினார்கள். 1998இல் வந்த கூகுள், ஒரு பக்கத்துக்கு எத்தனை பேர் வழிகாட்டுகிறார்கள் என்பதை வைத்து வரிசைப்படுத்தியது. 2009 செப்டம்பரில் வெளிப்படையாகவே அறிவித்தது: கீவேர்டை நாங்கள் வரிசைக்குப் பார்ப்பதில்லை, விளக்க வரியையும் வரிசைக்குப் பார்ப்பதில்லை, விளக்கத்தைச் சில வேளை தேடுகிறவருக்குக் காட்டுவோம், அவ்வளவே. ஆக, இந்த இரண்டு வரியால் பக்கம் மேலே ஏறாது. படிக்கிற மனிதனுக்காக மட்டும் இருப்பது. எனக்கு இது பிடித்திருந்தது.

நீளத்துக்குக் கணக்குக் கிடையாது. ஆங்கிலத்தில் 150, 160 எழுத்துக்கு மேல் போனால் வெட்டிவிட்டுப் புள்ளி வைக்கும் என்பார்கள். 2017 டிசம்பரில் 320 வரைக்கும் விட்டார்கள், எல்லாரும் மாய்ந்து மாய்ந்து நீட்டி எழுதினார்கள். 2018 மே மாதம் பழையபடி சுருக்கிவிட்டார்கள். தமிழில் இன்னும் சிக்கல். நம் 'கொ' என்கிற ஓர் எழுத்தைக் கணினி இரண்டாக எண்ணும். எழுத்து அகலமும் அதிகம், வெட்டு விழுவதோ திரையில் பிடிக்கிற இடத்தைப் பொறுத்து. அதனால் முக்கியமான சொல் முதலில் வந்துவிட வேண்டும். 'அன்பார்ந்த பெருமக்களுக்கு வணக்கம்' என்று தொடங்கினால் வணக்கத்தோடு முடிந்துவிடும்.

இன்னொன்று. நாம் எழுதியதை கூகுள் காட்டியே தீரும் என்பதில்லை. தேடியவர் கேட்டதற்கு இது பொருந்தவில்லை என்று பட்டால், பக்கத்துக்குள்ளிருந்து வேறு வரியை எடுத்துப் போட்டுவிடும். அதனால் இரண்டு வரியை மட்டும் யோக்கியமாக எழுதிவிட்டு உள்ளே புளுகி வைத்தால் அந்தப் புளுகு வெளியே வந்துவிடும். மருமகனுக்கு அப்படித்தான் ஆனது.

சித்திரையில் அவனிடம் போய் வரியை மாற்றச் சொன்னேன். 'குற்றாலம் அருகே ஆறு அறை கொண்ட தங்கும் விடுதி. அருவி சீசன் ஜூன் முதல் செப்டம்பர் வரை. கோடையில் தண்ணீர் இராது. வாடகை, வழி, இன்றைய அருவி நிலவரம்.' இதுதான் எழுதியது. படித்துவிட்டு, "மாமா, தண்ணீர் இராதுன்னு நாமளே எழுதினா பங்குனியில ஒருத்தன் வரமாட்டான்" என்றான்.

"வரவேண்டாம் மாப்ளே."

"ரூம் வாடகை நீங்க தாறீங்களா?"

கேள்வி நியாயம்தான். மேலகரம் திரிகூடராசப்பக் கவிராயர் குற்றாலக் குறவஞ்சியில் பாடாத மிகையா என்று அவனும் கேட்டான். குறவஞ்சி கேட்பவனுக்கு அது பாட்டு என்று தெரியும், கவிராயருக்கு நாயக்க மன்னர் நிலமும் கொடுத்தார், இன்றைக்கும் குறவஞ்சி மேடு என்று அதற்குப் பெயர். ஆனால் பக்கவாதம் வந்த மனிதரை வண்டியில் ஏற்றிக்கொண்டு யாரும் குறவஞ்சியை நம்பி வரவில்லை என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். அப்புறம் மாற்றிவிட்டான். மாற்றிய பிறகும் 'குற்றாலம் ஏப்ரல்' என்று தேடினால் பழைய புளுகே வந்தது. பார்த்தால் பக்கத்துக்குள் மூன்று இடத்தில் 'வருடம் முழுவதும்' இருந்தது. ஒவ்வொன்றாக எடுக்க வைத்தேன்.

ஆனி மாதம் சாரல் தொடங்கியதும் விடுதிப் பதிவேட்டில் எண்ணைப் பார்த்து சேலத்துக்காரருக்குப் போன் செய்தேன். அந்த வரியை எழுதியது நான்தான் என்று சொன்னேன். இப்போது தண்ணீர் விழுகிறது, அப்பாவை அழைத்து வாருங்கள், அறைக்கு வாடகை வேண்டாம் என்றேன். "அப்பாவால இப்ப வண்டியில உக்கார முடியலீங்க ஐயா" என்றார். பிறகு அவரே, "சொன்னதுக்கு நன்றிங்க" என்று வைத்துவிட்டார்.

இப்போது நம் ஊருக்கு ஒரு பக்கம் செய்ய இளைஞர்கள் சிலர் முனைந்திருக்கிறார்கள். இரண்டு வரி என்னிடம்தான் கேட்டிருக்கிறார்கள். ஊருக்கு விளக்கம் எழுதுவது இங்கே புதிதில்லை. ஊற்றுமலை ஜமீன்தார் இருதயாலய மருதப்பத் தேவரின் ஆதரவில் இருந்த சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியார் காவடிச்சிந்தோடு வீரைத் தலபுராணமும் பாடியிருக்கிறார். வீரை என்றால் நம் ஊர்தான். அவருக்குப் புராணம் முழுவதும் இடம் இருந்தது. எனக்கு இரண்டு வரி.

சிக்கல் பெயரிலேயே தொடங்குகிறது. 'வீரகேரளம்' என்று தேடினால் கோயம்புத்தூர்ப் பக்கத்து வீரகேரளம் வருகிறது. புதூர்களுக்கோ தமிழ்நாட்டில் கணக்கே இல்லை. வெளியூரில் இருக்கிற நம் பிள்ளைகள் 'வீ.கே.புதூர்' என்றுதான் தேடுவார்கள். 2019 நவம்பரில் தென்காசி மாவட்டம் பிறந்தது, பழைய பக்கங்கள் இன்னும் திருநெல்வேலி மாவட்டம் என்கின்றன. பவணந்தி சொன்ன எல்லையை முதலில் வைத்து இப்படி எழுதியிருக்கிறேன்:

'தென்காசி மாவட்டம் வீரகேரளம்புதூர் (வீ.கே.புதூர்): ஊற்றுமலை ஜமீன் அரண்மனை, நவநீதகிருஷ்ணர் கோயில், சிற்றாறு. ஊர் வரலாறு, தாலுகா அலுவலகங்கள், வரும் வழி.'

'எழில் கொஞ்சும்' என்று ஒரு சொல் சேர்க்க வேண்டும் என்று பையன்கள் பிடிவாதமாக இருக்கிறார்கள். சிற்றாற்றில் இப்போது கிடக்கிற குப்பையைப் பார்த்துவிட்டு வந்து பேசுங்கள் என்று சொல்லியிருக்கிறேன். காவடிச்சிந்தை இதில் எங்காவது நுழைக்க முடியுமா என்று பார்க்கிறேன், சிற்றாற்றை எடுத்தால்தான் இடம் இருக்கிறது. வருகிற ஞாயிற்றுக்கிழமை மறுபடி கூடுகிறோம். அதற்குள் உங்களுக்கு ஏதாவது தோன்றினால் சொல்லுங்கள்.